பாயைப் படம் போட்டீங்க, லேசரைக் காணோமே

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

உங்க ஞாயிறு இணைப்புல லேசர் வெளிச்சத்தால தள்ளி நட்சத்திரத்துக்கு அனுப்புற ஒளிப்பாய் விண்கலம் பத்தி அரைப்பக்கம் வந்திருந்துச்சு. தமிழ்ப் பேப்பர்ல இந்த மாதிரி விஷயத்துக்கு அரைப்பக்கம் ஒதுக்கினதே பெரிய சங்கதி, அதுக்கு முதல்ல நன்றி. ஆனா படிச்சு முடிச்சதும் ஒரு குறை. பளபளன்னு வெள்ளிப் பாய், பின்னாடி செக்கச்செவேல்னு ஒரு நட்சத்திரம், மேல '20 வருஷத்துல பக்கத்து நட்சத்திரம்'னு கொட்டை எழுத்துல தலைப்பு, கட்டுரை முழுக்க பாய் எவ்ளோ மெல்லிசு, எவ்ளோ வேகம்னே ஓடுது, அதைத் தள்ளுற லேசரைப் பத்தி மட்டும் ஒரே ஒரு வரி. என்னைக் கேட்டா இது அப்படியே தலைகீழ். இந்த விவகாரத்துல கப்பல்னு ஒண்ணைச் சொல்லணும்னா அது தரையில நிக்கிற லேசர்தான், மேல பறக்குறது அது வீசி எறியுற ஒரு கிராம் துண்டு, அவ்ளோதான். இதைப் பிடிச்சுக்கிட்டா எது கஷ்டம், எது சுலபம், பணம் எங்க போகும், எதை முதல்ல செய்யணும்னு எல்லாமே வேற மாதிரி தெரியும், அதைச் சொல்லத்தான் இந்தக் கடிதம். கொஞ்சம் நீளம், வெட்டிப் போட்டாலும் பரவாயில்ல, நம்பர்களை மட்டும் வெட்டிடாதீங்க.

ராக்கெட் ஏன் ஆகாதுங்கிறதை உங்க கட்டுரை 'மெதுவா போகும்'னு சொல்லி முடிச்சிடுச்சு. மெதுவுங்கிறது சின்ன வார்த்தை சார். ராக்கெட் தன் எரிபொருளைத் தானே சுமக்கணும், சுமக்குற எரிபொருளைத் தள்ள இன்னும் எரிபொருள், அதைத் தள்ள இன்னும் கொஞ்சம்னு போயிட்டே இருக்கும், இதுக்கான கணக்கை ரஷ்ய விஞ்ஞானி சியோல்கோவ்ஸ்கி 1903-லயே எழுதி வெச்சுட்டார். ஹைட்ரஜனும் ஆக்சிஜனும் எரிக்கிற நல்ல எஞ்சின்ல பின்னாடி வாயு பீய்ச்சி அடிக்கிற வேகம் நொடிக்கு சுமாரா நாலரை கிலோமீட்டர். அதை வெச்சுக்கிட்டு ஒளி வேகத்துல அஞ்சுல ஒரு பங்கு, அதாவது நொடிக்கு 60,000 கிலோமீட்டர் வேணும்னு கேட்டா, கண்ணுக்குத் தெரியுற பிரபஞ்சத்துல இருக்கிற மொத்தப் பொருளையும் எரிச்சாலும் ஒரு கிராமைக்கூட அந்த வேகத்துக்குக் கொண்டு போக முடியாது. இது என்ஜினியர்கள் சோம்பேறியா இருக்கிறதால வர்ற பிரச்சனை இல்ல, அந்தச் சமன்பாடு அப்படி. 1977 செப்டம்பர்ல கிளம்பின நாசா விண்கலம் வாயேஜர் 1 இப்போ நொடிக்கு 17 கிலோமீட்டர்ல போயிட்டிருக்கு, சூரியனுக்கு அடுத்து நமக்கு ரொம்பப் பக்கத்துல இருக்கிற நட்சத்திரமான பிராக்சிமா சென்டாரி இருக்கிற திசையில அது போகலை, போனதா வெச்சுக்கிட்டாலும் 4.24 ஒளியாண்டு தாண்ட கிட்டத்தட்ட 75,000 வருஷம் ஆகும். 2024 டிசம்பர்ல பார்க்கர் விண்கலம் சூரியனை உரசிக்கிட்டுப் போனப்போ நொடிக்கு 192 கிலோமீட்டர் தொட்டுச்சு, மனுஷன் செஞ்சதுல அதுதான் பெரிய வேகம், அதுவும் சூரியன் இழுத்ததால வந்தது, அதுகூட ஒளி வேகத்துல ஆயிரத்துல ஒரு பங்கைத் தொடலை.

அதனாலதான் எஞ்சினை வீட்லயே விட்டுட்டுப் போற யோசனை. வெளிச்சத்துக்கு எடை கிடையாது ஆனா உந்தம் உண்டு, கண்ணாடியில பட்டுத் திரும்புனா ஒரு தள்ளு தள்ளும். வால்நட்சத்திரத்தோட வால் எப்பவும் சூரியனுக்கு எதிர்ப்பக்கம் நீட்டிக்கிட்டு இருக்கிறதைப் பாத்து கெப்ளர் 400 வருஷம் முன்னாடியே இந்தச் சந்தேகத்தைக் கிளப்பினார், மேக்ஸ்வெல் அதைச் சமன்பாடா எழுதினார், 1900 வாக்குல ரஷ்யாவுல லெபெதேவ் அதை அளந்தே காட்டினார். எவ்ளோ தள்ளும்னு கேட்டா சிரிப்பு வரும். பூமி இருக்கிற தூரத்துல ஒரு சதுர கிலோமீட்டர் கண்ணாடியை சூரியனுக்கு நேரா விரிச்சா கிடைக்கிறது 9 நியூட்டன், அதாவது கையில 900 கிராம் கனம் வெச்சா எவ்ளோ அழுத்துமோ அவ்ளோ. ஒரு சதுர கிலோமீட்டருக்கு!

ஆனாலும் வேலை செய்யுது. ஜப்பான்காரங்க 2010-ல அனுப்பின இகாரோஸ் 14 மீட்டருக்கு 14 மீட்டர் பாய், 7.5 மைக்ரான் தடிமன் (மைக்ரான்னா மில்லிமீட்டர்ல ஆயிரத்துல ஒரு பங்கு), சுத்திக்கிட்டே இருந்ததால மூலைகள்ல கட்டின சின்ன எடைகள் இழுத்துப் பாயை விறைப்பா வெச்சுச்சு, அந்த வருஷ டிசம்பர்லயே வெள்ளி கிரகத்தைத் தாண்டிப் போச்சு. அப்புறம் பிளானட்டரி சொசைட்டிங்கிற விண்வெளி ஆர்வலர் சங்கம் பொதுமக்கள்கிட்ட காசு வாங்கிச் செஞ்ச லைட்செயில் 2 2019-ல, நாசாவோட 80 சதுர மீட்டர் பாய் 2024-ல. இதெல்லாம் சூரிய வெளிச்சத்துல ஓடுறது. சூரியன்ல இருந்து தள்ளிப் போகப் போக வெளிச்சம் தூரத்தோட வர்க்கத்துல குறையும், வியாழன் கிட்ட போனாலே இங்க இருக்கிறதுல 27-ல ஒரு பங்குதான். நட்சத்திரத்துக்குப் போற வேகம் இதுல வராது. லேசர் கதை இங்கதான் உள்ள வருது.

லேசர் முதல்ல எரிஞ்சது 1960-ல. ரெண்டே வருஷத்துல, 1962-ல, ராபர்ட் ஃபார்வர்டுங்கிற அமெரிக்க இயற்பியலாளர் இதை வெச்சுப் பாயைத் தள்ளலாமேன்னு சொல்லிட்டார். 1984-ல அவர் எழுதின கட்டுரையில போய்ட்டு நின்னு திரும்பி வர்ற வழி வரைக்கும் போட்டிருக்கார், பாயோட வெளி வளையம் கழண்டு முன்னாடி போய் லேசரைத் திருப்பி அடிக்கும், அந்த வெளிச்சம் உள்பாயைப் பிரேக் போட்டு நிறுத்தும். அழகான யோசனை. ஆனா அதுக்கு அவர் கேட்ட லென்ஸ் 1,000 கிலோமீட்டர் அகலம், அதையும் விண்வெளியில தொங்க விடணும். அதனால 30 வருஷம் யாரும் பெருசா கண்டுக்கல.

கண்டுக்க வெச்சது சிப். ஃபோன்ல இருக்கிற கேமரா, சென்சார் எல்லாம் கிராம் கணக்குல சுருங்கிடுச்சே, அப்போ டன் கணக்குல ஏன் அனுப்பணும், ஒரு கிராம் போதும்னு கலிஃபோர்னியாவுல ஃபிலிப் லூபின்ங்கிற இயற்பியலாளர் கணக்குப் போட்டார். 2016 ஏப்ரல் 12, நியூயார்க்ல யூரி மில்னர்ங்கிற கோடீஸ்வரர், பக்கத்துல ஸ்டீபன் ஹாக்கிங் உக்காந்து பிரேக்த்ரூ ஸ்டார்ஷாட்னு ஒரு திட்டத்தை அறிவிச்சாங்க, 10 கோடி டாலர். ஒரு சில மீட்டர் அகலப் பாய், நடுவுல ஒரு சிப், தரையில 100 கிகாவாட் லேசர், சில நிமிஷம் அடிச்சா ஒளி வேகத்துல 20 சதவீதம், 20 வருஷத்துக்குக் கொஞ்சம் மேல பயணம். அதே வருஷம் ஆகஸ்ட்ல பிராக்சிமாவைச் சுத்தி பூமி சைஸுக்குக் கிட்டத்துல ஒரு கிரகம் இருக்குன்னு அறிவிப்பு வேற வந்துச்சு, கேக்கணுமா, பேப்பர்காரங்களுக்குக் கொண்டாட்டம்.

இப்போ லேசருக்கு வரேன், ஏன்னா உங்க கட்டுரையில விட்டுப்போனது இதுதான்.

100 கிகாவாட்னா 10,000 கோடி வாட். ஒரு பெரிய அணு உலை தர்றது ஒரு கிகாவாட் கிட்ட, அப்போ 100 உலையோட மொத்த சக்தியும் வெளிச்சமா மாறணும், லேசர் வீணாக்குறதையும் சேர்த்தா இன்னும் அதிகம். அத்தனையும் பாய்ல பட்டு முழுசா திரும்பினா கிடைக்கிற தள்ளு எவ்ளோ தெரியுமா, 670 நியூட்டன் கிட்ட, 68 கிலோ ஆளோட எடை. 100 அணு உலைக்கு ஒரு ஆள் எடை! இந்த ஒரு வரியைக் கட்டுரையில போட்டிருந்தீங்கன்னா ஏன் பாய் ஒரு கிராம்ல இருந்தாகணும்னு சின்னப் பசங்களுக்குக்கூட புரிஞ்சிருக்கும். நல்லவேளை நாள் முழுக்க வேண்டாம், சில நிமிஷம் போதும், அதனால கொஞ்சம் கொஞ்சமா பேட்டரியில சேர்த்து வெச்சு ஒரேயடியா அடிக்கலாம்.

அடுத்தது குறி. எந்த லேசரா இருந்தாலும் போகப் போக விரியும், எவ்ளோ விரியும்ங்கிறது லேசர் கிளம்புற வாயோட அகலத்தைப் பொறுத்தது, வாய் பெருசானா விரிவு கம்மி. ஒரு மைக்ரான் அலைநீளம், ஒரு கிலோமீட்டர் அகல வாய்னு வெச்சுக்கங்க, நிலா தூரத்தைப் போல 10 மடங்கு, அதாவது 40 லட்சம் கிலோமீட்டர்ல அந்த வெளிச்சம் 4 மீட்டர் வட்டமா விழும். அதைத் தாண்டிட்டா வெளிச்சம் பாயை விட்டு வெளிய வழிஞ்சு வீணாப்போகும். அதனால தள்ளுறதெல்லாம் அந்த தூரத்துக்குள்ளயே தள்ளி முடிச்சாகணும், பாய் அந்த தூரத்தைச் சில நிமிஷத்துல கடந்துடும். ஒரு கிலோமீட்டர் அகலத்துக்கு ஒரே லேசர் கிடையாது, லட்சக்கணக்குல, கோடிக்கணக்குல சின்னச் சின்ன லேசரை வயல்ல நாத்து நட்ட மாதிரி நட்டு, அத்தனையும் ஒரே தாளத்துல, அலையோட ஏத்த இறக்கம் ஒண்ணுக்கொண்ணு பிசகாம எரியணும், ஒரு மைக்ரான்ல பத்துல ஒரு பங்கு தப்புனாலே பவர் குறைய ஆரம்பிச்சிடும். நடுவுல காத்து வேற, நட்சத்திரம் மினுக்குறதுக்குக் காரணமான அதே காத்து, அது இந்த வெளிச்சத்தையும் கலைக்கும். பெரிய டெலஸ்கோப்கள்ல காத்தோட ஆட்டத்தை நொடிக்கு நூத்துக்கணக்கான தடவை அளந்து கண்ணாடியை வளைச்சுச் சரி பண்ற வித்தை இருக்கு, ஆனா அது உள்ள வர்ற வெளிச்சத்துக்கு, இங்க வேண்டியது வெளிய போற வெளிச்சத்துக்கு, அதுவும் இந்த அளவுல. யாரும் இன்னும் கிட்டகூட வரல.

பிசகு விஷயத்துல ஒரு கணக்கு போட்டுப் பாத்தேன், எனக்கே தூக்கிவாரிப் போட்டுச்சு. ஒரு கிலோமீட்டர் தூரத்துல ஒரு மில்லிமீட்டர் தப்புற அளவு குறி தப்பினதா வெச்சுக்கலாம், துப்பாக்கி சுடுறவங்களுக்கு இது கனவு. பிராக்சிமா இருக்கிறது 40 லட்சம் கோடி கிலோமீட்டர்ல, அங்க போகும்போது இந்தத் தப்பு 4 கோடி கிலோமீட்டர் ஆயிடும். அந்தக் கிரகம் தன் நட்சத்திரத்தைச் சுத்துற தூரமே 73 லட்சம் கிலோமீட்டர் வாக்குலதான், பாய் மொத்த குடும்பத்தையும் எட்டி நின்னு கும்பிடு போட்டுட்டுப் போயிடும். லேசரை அணைச்சதுக்கு அப்புறம் திசை திருப்ப பெருசா வழியும் கிடையாது.

பாயோட கஷ்டம் இல்லைன்னு நான் சொல்லல. 100 கிகாவாட் 4 மீட்டருக்கு 4 மீட்டர் பாய்ல, அதாவது 16 சதுர மீட்டர்ல விழுந்தா சூரிய வெளிச்சத்தைப் போல 45 லட்சம் மடங்கு. உங்க படத்துல இருந்த மாதிரி வெள்ளியாட்டம் மின்னுற அலுமினியப் பாய்னா வெளிச்சத்துல சில சதவீதத்தையாவது உள்வாங்கும், கண் சிமிட்டுறதுக்குள்ள ஆவி. லட்சத்துல ஒரு பங்கு உள்வாங்கினாலே 500 டிகிரி செல்சியஸைத் தாண்டிடும். அதனால உலோகமே கூடாது, சிலிக்கான் நைட்ரைடு மாதிரி கண்ணாடி ஜாதிப் பொருள்ல நுணுக்கமா ஓட்டை போட்டு, ஓட்டையோட அமைப்பாலயே வெளிச்சத்தைத் திருப்பி அடிக்க வைக்கணும். ஈர்ப்பு அலையைப் பிடிச்ச லைகோவுல இருக்கிற கண்ணாடி 30 லட்சம் ஃபோட்டான்ல, அதாவது வெளிச்சத் துகள்ல, ஒண்ணைத்தான் விழுங்கும், அப்போ முடியும்னு தெரியுது, ஆனா அது ஒவ்வொண்ணும் 40 கிலோ. இங்க 16 சதுர மீட்டரும் சேர்ந்து ஒரு கிராம், அதாவது 20 நானோமீட்டர் தடிமன் (நானோமீட்டர்னா மைக்ரான்ல ஆயிரத்துல ஒரு பங்கு), தலைமுடியில சில ஆயிரத்துல ஒரு பங்கு. அது போக, பாய் வேகம் எடுக்க எடுக்க லேசர் அதுக்கு சிவப்புப் பக்கமா நகர்ந்து தெரியும், கிளம்பும்போது 1.06 மைக்ரானா இருந்த வெளிச்சம் 20 சதவீத வேகத்துல 1.3 மைக்ரானா படும், அத்தனை அலைநீளத்துக்கும் அதே பாய் ஈடு குடுக்கணும். வெளிச்சத்துக்கு நடுவுலயே தானா நிக்கவும் தெரியணும், ஒரு பக்கம் சரிஞ்சா அந்த வெளிச்சமே அதை நடுவுக்குத் தள்ளுற மாதிரி வடிவம் வேணும்.

இதுல நல்ல செய்தி வந்துக்கிட்டு இருக்கு, உங்க கட்டுரை அதையும் தொடல. 2025-ல அமெரிக்காவுல கால்டெக் யுனிவர்சிட்டிக்காரங்க 50 நானோமீட்டர் தடிமன்ல, 40 மைக்ரான் அகலத்துல ஒரு குட்டிப் பாயைச் செஞ்சு நாலு மூலையிலயும் நூல் மாதிரி ஸ்ப்ரிங் வெச்சுக் கட்டி, லேசர் அடிச்சா எவ்ளோ அசையுதுன்னு அளந்துட்டாங்க. அதே வருஷம் நெதர்லாந்து டெல்ஃப்ட்லயும் அமெரிக்காவுல பிரவுன் யுனிவர்சிட்டியிலயும் சேர்ந்து 60 மில்லிமீட்டருக்கு 60 மில்லிமீட்டர், 200 நானோமீட்டர் தடிமன்ல, நூறு கோடிக்கு மேல ஓட்டை போட்ட பாயைச் செஞ்சு காட்டினாங்க. உள்ளங்கை அகலம்தான், ஆனா சினிமா கிராஃபிக்ஸ் இல்ல, நிஜமா செஞ்சது. சிப் பக்கமும் அப்படித்தான், ஸ்ப்ரைட்னு 3.5 சென்டிமீட்டர் சதுரத்துல, 4 கிராம்ல ஒரு முழு விண்கலம், சோலார் செல், ரேடியோ எல்லாத்தோடயும், 2017-லயே நம்ம பிஎஸ்எல்வி ராக்கெட்ல ஏறி மேல போயாச்சு. ஆக பாய் பக்கம், சிப் பக்கம் காலேஜ் லேப் அளவு காசுலயே நகர்ந்துக்கிட்டிருக்கு. நகராம நிக்கிறது லேசர், ஏன்னா அதை லேப்ல ஒரு மேசை மேல வெச்சுச் செஞ்சு பாத்து 'முடிஞ்சுது'ன்னு சொல்ல முடியாது.

வழியில தூசி இருக்கு. ஒரு கிராம்ல பத்து லட்சத்துல ஒரு பங்கு எடையுள்ள துகள் அந்த வேகத்துல மோதினா 18 லட்சம் ஜூல், கிட்டத்தட்ட 400 கிராம் டிஎன்டி வெடிமருந்து வெடிச்ச மாதிரி. ஒண்ணுக்கு ஆயிரமா அனுப்பினா சிலது தப்பிக்கும்னு சொல்றாங்க, சரி, அனுப்புற லேசர் வீட்ல இருந்தா ஆயிரம் அனுப்புறது பெரிய செலவும் இல்ல.

சரி, எல்லாம் தாண்டிப் போய்ச் சேர்ந்துட்டதா வெச்சுப்போம். நிக்க முடியாது. பூமிக்கும் சூரியனுக்கும் இருக்கிற தூரத்தை அது 42 நிமிஷத்துல தாண்டும். பிராக்சிமாவுக்கும் அதோட கிரகத்துக்கும் இடையில இருக்கிற தூரம் ரெண்டு நிமிஷம். பூமி அகலம் உள்ள கிரகம் கேமரா முன்னாடி ஓடுறது அரை நொடிக்கும் கம்மி. 20 வருஷம் போயி ரெண்டு நிமிஷம் பாக்குறது, இதை நான் குறையா சொல்லல, நாசாவோட நியூ ஹொரைசன்ஸ் விண்கலம் ஒன்பதரை வருஷம் போய் புளூட்டோவை ஓட்டத்துலதான் பாத்துச்சு, அதுவே நமக்கு எவ்ளோ குடுத்துச்சு. ஆனா நியூ ஹொரைசன்ஸ் எடுத்த டேட்டாவை முழுசா இறக்க 2016 அக்டோபர் வரைக்கும், ஒரு வருஷத்துக்கு மேல ஆச்சு, அது புளூட்டோ தூரம். இங்க ஒரு கிராம் சிப்.

அந்தச் சிப்ல எப்படியோ ஒரு வாட் லேசர் எரியுது, 4 மீட்டர் பாயையே ஆன்டெனா மாதிரி வளைச்சு பூமியைப் பாத்து அடிக்குதுன்னு தாராளமா வெச்சுக்கலாம். பூமிக்கு வந்து சேரும்போது அந்த வெளிச்சம் ஒரு கோடி கிலோமீட்டர் அகலம் விரிஞ்சிருக்கும். ஒரு சதுர மீட்டருக்கு 15 நொடிக்கு ஒரு ஃபோட்டான் விழும். ஒண்ணே ஒண்ணு. பிராக்சிமா கொட்டுற வெளிச்சத்துக்கு நடுவுல அந்த ஒண்ணைப் பொறுக்கணும். அப்போ கேக்குற காது எவ்ளோ பெருசு வேணும்? சதுர கிலோமீட்டர் கணக்குல. அவ்ளோ பெரிய கண்ணாடித் தோட்டம் எங்க இருக்குன்னு தேடினா, பாயைத் தள்ளக் கட்டின அதே லேசர் தோட்டம்தான், அதையே திருப்பி வெளிச்சம் வாங்குற காதா வெக்கணும்னுதான் ஸ்டார்ஷாட் ஆளுங்களும் ஆரம்பத்துல பேசினாங்க. தள்ளுறதும் அது, குறி பாக்குறதும் அது, போற காலமும் படம் திரும்பி வர்ற நாலு வருஷமும் சேர்த்து 25 வருஷம் கழிச்சுப் படத்தை வாங்குறதும் அது. இப்போ சொல்லுங்க, கப்பல் எது?

ஸ்டார்ஷாட் என்ன ஆச்சுன்னும் நீங்க எழுதல. அறிவிச்ச 10 கோடி டாலர்ல ஒரு சின்னப் பங்குதான் செலவாச்சு, திட்டம் சத்தமில்லாம கிடப்புல போயிடுச்சுன்னு 2025-ல செய்தி வந்துச்சு. பணக்காரர் மனசு மாறிட்டார்னு சொல்லிட்டுப் போயிடலாம், எனக்கென்னவோ காரணம் வேறன்னு தோணுது. பாய்க்கு ஆராய்ச்சிக் காசு குடுத்துடலாம், லேசருக்குக் குடுக்கணும்னா நாடுகள் சேர்ந்து நிக்கணும், அது 20 வருஷத்துக்கு அப்புறம் ரெண்டு நிமிஷம் பாக்குறதுக்காகன்னு சொன்னா எந்த நாட்டு மந்திரியும் கையெழுத்துப் போடமாட்டார். சும்மா சொல்லக்கூடாது, 100 கிகாவாட் லேசரை யார் கையில குடுக்குறதுன்னும் ஒரு பயம் இருக்கும், மேல போற எந்த சாட்டிலைட்டையும் அது பொசுக்கிடும். அந்தப் பயம் நியாயமானது.

ஆனா லேசர்தான் கப்பல்னு ஏத்துக்கிட்டா அதை முதல் நாளே 100 கிகாவாட்டுக்குக் கட்ட வேண்டியதில்ல, சின்னதா கட்டி வளக்கலாம். ஒரு கணக்கு பாருங்க. 100 மெகாவாட், அதாவது ஸ்டார்ஷாட் கேட்டதுல ஆயிரத்துல ஒரு பங்கு. வாய் 10 மீட்டர், பாய் ஒரு மீட்டர், மொத்த எடை 10 கிராம். வெளிச்சம் 10,000 கிலோமீட்டர் வரைக்கும் பாய்க்குள்ளயே நிக்கும். ஒன்பது நிமிஷம் தள்ளினா நொடிக்கு 36 கிலோமீட்டர் வேகம் கூடும். வாயேஜர் போற வேகத்துல ரெண்டு மடங்கு! வாயேஜருக்கு வியாழனும் சனியும் உந்தி விடவேண்டியிருந்துச்சு, இதுக்கு யாரும் வேண்டாம், கிரகங்கள் வரிசையா வர்ற வரைக்கும் காத்திருக்கவும் வேண்டாம், நினைச்ச அன்னைக்கு அனுப்பலாம், மறுநாள் இன்னொண்ணு அனுப்பலாம்.

இந்த 'நினைச்ச அன்னைக்கு'ங்கிறதுதான் எனக்கு முக்கியம். 2017-ல ஔமுவாமுவா வந்துச்சு, வேற நட்சத்திரத்துல இருந்து நம்ம பக்கம் வந்ததா கண்டுபிடிச்ச முதல் விருந்தாளி, கண்ணுல படும்போதே சூரியனைச் சுத்திட்டுத் திரும்பிப் போய்க்கிட்டிருந்துச்சு. அதுவே யாரோ அனுப்பின ஒளிப்பாயா இருக்கலாம்னு ஸ்டார்ஷாட் ஆலோசகர் ஏவி லோப் சொல்லப் போய் பேப்பர் எல்லாம் அதைத்தான் பிடிச்சுக்கிச்சு, வாயு கசிஞ்சதால வந்த தள்ளுனு 2023-ல வந்த விளக்கத்தை யாரும் கண்டுக்கல, அது தனிக்கதை. அதே மாதிரி வெளி விருந்தாளிங்க 2019-ல போரிசோவ், 2025 ஜூலையில 3ஐ அட்லஸ். மூணுல ஒண்ணுகிட்டகூட நம்மால நினைச்சு ஒரு கருவியை அனுப்ப முடியல, ஏன்னா ராக்கெட் தயாராக வருஷக்கணக்கு, அது போற வேகத்துக்கு ஈடும் குடுக்காது. ஔமுவாமுவா சூரியக் குடும்பத்தை விட்டு வெளிய போற வேகம் நொடிக்கு 26 கிலோமீட்டர், நான் மேல போட்ட சின்ன லேசரே துரத்திப் பிடிச்சிடும். அட்லஸ் 58 கிலோமீட்டர் கிட்ட, அதுக்கு லேசரைக் கொஞ்சம் வளக்கணும். வேற நட்சத்திரத்தோட கல்லைக் கிட்டப் போய்ப் பாக்க நட்சத்திரத்துக்கே போகவேண்டாம், அது நம்ம வாசலுக்கு வருது, ஓடிப்போய் பாக்க ஒண்ணு தயாரா இருந்தா போதும். படத்தைத் திருப்பி வாங்குற கஷ்டமும் இந்த தூரத்துக்குப் பல மடங்கு கம்மி. இதுக்குன்னு சொல்லி ஒரு லேசர் கட்டினா அடுத்த பத்து வருஷத்துலயே பலன் தெரியும், மந்திரியும் கையெழுத்துப் போடுவார். பிராக்சிமா எங்கயும் ஓடிப்போகல, லேசர் வளர்ற வரைக்கும் அங்கயேதான் இருக்கும்.

அதனால அடுத்த தடவை இதைப் பத்தி எழுதினா பாய்க்கு ஒரு பாரா, லேசருக்கு மூணு பாரா, படம் திரும்பி வர்றதுக்கு ரெண்டு பாரா வர்ற மாதிரி எழுதச் சொல்லுங்க. படமும் போடுறதா இருந்தா அந்த டெல்ஃப்ட் பாயோட போட்டோவைப் போடுங்க, ஓவியம் வேண்டாம்.

கடைசியா ஒண்ணு, கட்டுரையோட முடிவுல 'நம் பேரப்பிள்ளைகள் இதில் ஏறிப் பயணிக்கும் காலம் தூரத்தில் இல்லை'ன்னு ஒரு வரி இருந்துச்சு. அந்தச் சில நிமிஷத் தள்ளுல பாய்க்குள்ள இருக்கிற எதுவும் தன் எடையைப் போல 10,000 மடங்குக்கு மேல கனக்கும், 60 கிலோ பேரப்பிள்ளை 600 டன். சிப் தாங்கும், பேரப்பிள்ளை தாங்காது. அந்த வரிக்கு மட்டுமாவது நாளைக்கு ஒரு திருத்தம் போட்டுடுங்க சார்.

இப்படிக்கு,
உங்கள் நெடுநாள் வாசகர்